அலிகேட்டர் கறி ரப்பராகாமல் வீட்டில் பொரிப்பது எப்படி?

கேள்வியை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். ஹூஸ்டனில் இருக்கும் ஒருவர் உறைந்த அலிகேட்டர் (முதலைக்கு நெருங்கிய உறவான விலங்கு) கறி ஒரு பவுண்டு பாக்கெட் வாங்கியிருக்கிறார். சிக்கன் 65-க்குப் போடுவதுபோல் தயிர், இஞ்சி பூண்டு விழுது, மிளகாய்த்தூள், எலுமிச்சைச் சாறு எல்லாம் பிசறி ஓர் இரவு ஊறவைத்து, நன்றாகச் சிவக்கும்வரை ஏழெட்டு நிமிடம் பொரித்திருக்கிறார். கறி ரப்பர் மாதிரி இழுத்திருக்கிறது, சேற்று மீன் வாடையும் அடித்திருக்கிறது. "லூசியானா ஓட்டல்களில் மெத்தென்று தருகிறார்களே, என்ன மசாலா போடுகிறார்கள்?" என்று கேட்கிறார். கேட்டது மசாலாவைப் பற்றித்தான். ஆனால் அவருக்குத் தெரிய வேண்டியவை கறி ஏன் இறுகியது, வாடை எங்கிருந்து வந்தது என்ற இரண்டும். இரண்டுக்கும் மசாலா பொறுப்பில்லை. கறி இறுகியதற்குக் காரணம் வெட்டிய விதமும் எண்ணெயில் கிடந்த நேரமும். வாடைக்குக் காரணம் எடுக்காமல் விட்ட கொழுப்பு. அடுப்பு பற்றவைப்பதற்கு முன்பே முக்கால்வாசி வேலை முடிந்துவிடுகிற கறி இது.

பாக்கெட்டில் இருந்தது எந்தப் பகுதி என்று அவர் எழுதவில்லை. எல்லாமே அதைப் பொறுத்ததுதான். பொரிக்க ஏற்றது வால். வாலின் உள்ளே எலும்பை ஒட்டி நீளவாக்கில் ஓடும் உருளைச் சதை எல்லாவற்றிலும் மென்மையானது. வெளிர் இளஞ்சிவப்பாக, வெந்தால் வெள்ளையாக இருக்கும். தாடைச் சதையும் நல்லது, ஆனால் கடைகளில் எளிதில் கிடைக்காது. கால், முதுகு, உடம்புச் சதை நிறம் கூடியது; நரம்பும் சவ்வும் அதிகம். அதை எவ்வளவு கெட்டிக்காரத்தனமாகப் பொரித்தாலும் வால் போல் வராது. உறையில் வால் என்றோ வால் ஃபில்லே என்றோ தெளிவாகப் போட்டிருந்தால் பொரியுங்கள். வெறுமனே 'அலிகேட்டர் கறி', 'நக்கெட்' என்று மட்டும் போட்டிருந்தால் பெரும்பாலும் பல பகுதிகள் கலந்திருக்கும். கறி இளகியதும் நிறத்தைப் பார்த்துப் பிரித்துவிடலாம்: வெளிர் துண்டுகள் எண்ணெய்க்கு, கருஞ்சிவப்புத் துண்டுகள் குழம்புக்கு.

வயதும் ஒரு காரணம். லூசியானாவில் பண்ணை அலிகேட்டர்களை நான்கைந்து அடி வளர்ந்ததுமே அறுத்துவிடுவார்கள். அங்கே முதல் வருமானம் தோல், கறி அதன் துணைச்சரக்கு. காட்டு அலிகேட்டர் வேட்டை ஆகஸ்ட் கடைசியில் தொடங்கிச் செப்டம்பரில் மும்முரமாக நடக்கும்; அதில் பத்து அடி ஆண்களும் மாட்டும், அவற்றின் கறி முரடு. இந்த விலங்கு ஒரு காலத்தில் அழிவின் விளிம்பில் இருந்தது. 1967-ல் அமெரிக்க அரசு அதை அருகிவரும் இனமாக அறிவித்தது. லூசியானா 1972-ல் கேமரன் பாரிஷில் (பாரிஷ் என்றால் அங்கே மாவட்டம்) மட்டும் கட்டுப்பாட்டோடு வேட்டையைத் திறந்தது. 1987-ல் இனம் முழுவதும் மீண்டுவிட்டதாக அறிவிப்பு வந்தது. பண்ணைக்காரர்கள் சதுப்புநிலக் கூடுகளிலிருந்து முட்டை எடுத்துக் குஞ்சு பொரிக்கவைத்து, வளர்ந்த குட்டிகளில் ஒரு பங்கைத் திரும்பவும் சதுப்புநிலத்திலேயே விட வேண்டும் என்பது விதி. நியாயமாகக் கிடைக்கிற கறி என்பதால்தான் அதை வீணாக்காமல் சமைக்கச் சொல்கிறேன்.

இனி கொழுப்பு. கோழியிலும் ஆட்டிலும் கொழுப்புதான் ருசி. இதில் அதைத் துளி விடாமல் எடுக்க வேண்டும். அலிகேட்டரின் சதை கொழுப்பற்றது. கொழுப்பு தனியாக, வெள்ளையாகவோ இளமஞ்சளாகவோ சதைக்கட்டுகளுக்கு நடுவே தகடு தகடாகப் படிந்திருக்கும். சேற்று வாடை தங்குவது அதில்தான். ஃப்ரீசரில் நாளாக ஆக அது காறிப்போய் பழைய மீன் நாற்றம் கொடுக்கும். துண்டை நீளவாக்கில் விரலால் பிரித்தால் சதைக்கட்டுகள் தானாகவே விலகும், நடுவில் ஒளிந்திருக்கும் கொழுப்பு தெரியும். அதையும் கூடவே இருக்கும் பளபளக்கும் வெள்ளைச் சவ்வையும் சின்னக் கத்தியால் சீவி எடுங்கள். கத்தியின் கூர் சவ்வுக்கும் சதைக்கும் நடுவே நுழைந்து, சவ்வைப் பார்த்துச் சற்றே மேலே சாய்ந்து ஓட வேண்டும். அப்போதுதான் சதை வீணாகாது. 450 கிராம் பாக்கெட்டில் 50 முதல் 80 கிராம் வரை கழிவு போனால் மனம் வருந்த வேண்டாம். சவ்வை விட்டுவிட்டால் சூட்டில் அது சுருங்கித் துண்டையே முறுக்கிவிடும், கடிக்கவும் கடிக்காது.

பாலில் ஊறவைத்தால் வாடை போய்விடும் என்று லூசியானாவில் நிறையப் பேர் சொல்வார்கள். மேலே ஒட்டிய ரத்தமும் உறைந்து உருகிய நீரும் பாலோடு போகும் என்பது உண்மை. கொழுப்பில் இருக்கும் வாடையைப் பால் இழுத்துவிடும் என்பதை நான் நம்பவில்லை. கொழுப்பை ஒழுங்காக எடுத்த கறிக்குப் பால் தேவைப்படாது, எடுக்காத கறியைப் பால் காப்பாற்றாது. கத்தி படாத இடத்திலும் கறி முழுக்கக் கஸ்தூரி மாதிரி கடும் நெடி அடித்தால் அது வேறு கோளாறு. தாடைக்குக் கீழும் மலத்துளை அருகிலும் இந்த விலங்குக்கு வாசனைச் சுரப்பிகள் உண்டு. அறுக்கும்போது கத்தி அவற்றில் பட்டால் கறி கெடும். அதற்கு வீட்டில் மருந்து கிடையாது, கடையில் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

உறைந்த கறியை ஃப்ரிட்ஜுக்குள்ளேயே இளகவிடுங்கள், ஒரு முழு நாள் பிடிக்கும். காற்றெடுத்த பாக்கெட் என்றால் அப்படியே வைக்காமல் ஒரு மூலையை வெட்டிவிட்டுக் கிண்ணத்தில் வையுங்கள். காற்றே இல்லாத இடத்தில் வளரும் கிருமிக்காக மீனுக்குச் சொல்லப்படும் அதே முன்னெச்சரிக்கை. அவசரம் என்றால் குளிர்ந்த நீரில் முக்கி, அரைமணிக்கு ஒருமுறை நீரை மாற்றலாம். முழுக்க இளகும் முன், நடுவில் இன்னும் கொஞ்சம் கெட்டியாக இருக்கும்போதே வெட்டினால் கத்தி வழுக்காது.

வெட்டுவதில்தான் பாதிப் பேர் கோட்டைவிடுகிறார்கள். வால் சதையின் நார் நீளவாக்கில் ஓடும், கண்ணுக்கே தெரியும். அதன் குறுக்கே வெட்ட வேண்டும். குறுக்கே வெட்டினால் ஒவ்வொரு துண்டிலும் நார் குட்டையாகிவிடும், பல்லுக்கு வேலை குறையும். நாரோடு சேர்த்து விரல் விரலாக நீட்டி வெட்டினால் எவ்வளவு ஊறவைத்தாலும் இழுவைதான். முதலில் நாருக்குக் குறுக்காக ஒன்றரை சென்டிமீட்டர் கனத்தில் வில்லைகள் போடுங்கள். வில்லைகளைப் பிளாஸ்டிக் தாளுக்கு நடுவே வைத்து, கறி தட்டும் சுத்தியலின் பல்லுள்ள பக்கத்தாலோ சப்பாத்திக் கட்டையாலோ இருபுறமும் தட்டி ஒரு சென்டிமீட்டருக்குக் கொண்டுவாருங்கள். பிறகு இரண்டு விரல் அகலத் துண்டுகளாக்குங்கள். தட்டினால் நார்களைக் கட்டிவைத்திருக்கும் இணைப்புத்திசு உடையும். துண்டும் ஒரே கனத்துக்கு வருவதால் எல்லாம் ஒரே நேரத்தில் வேகும். சில பாக்கெட்டுகளில் ஏற்கெனவே இயந்திரத்தால் கீறிப் பதப்படுத்தியிருப்பார்கள், மேலே சிறு கீறல்கள் வரிசையாகத் தெரியும். அதைத் திரும்பவும் தட்டினால் நைந்துபோகும்.

ஏன் இத்தனை பாடு என்றால், இந்தக் கறி கணவாய் மாதிரி. சட்டென்று எடுத்தால் மெத்தென்று இருக்கும், நீண்ட நேரம் கொதித்தாலும் மெத்தென்று ஆகும், இடையில் மாட்டினால் ரப்பர். கொழுப்பில்லாத சதையில் புரதம் சூட்டில் சுருங்கச் சுருங்க நீர் வெளியேறிக்கொண்டே இருக்கும். அந்த இடத்தை ஈடுகட்ட உள்ளே கொழுப்பு இல்லை. இணைப்புத்திசு கரைந்து பசையாக மாற ஒரு மணி நேரத்துக்கு மேல் ஈரமான சூடு வேண்டும். ஏழெட்டு நிமிடப் பொரிப்பு என்பது நீர் முழுக்க வெளியேறவும் போதும், திசு கரையவும் போதாது என்ற மிக மோசமான இடைவெளி.

ஊறவைப்பதற்கு லூசியானாவில் வழக்கமான கலவை இது. சீவியெடுத்த 400 கிராம் கறிக்கு ஒரு கப் பட்டர்மில்க், ஒரு மேசைக்கரண்டி மஞ்சள் கடுகு சாஸ், ஒரு மேசைக்கரண்டி லூசியானா மிளகாய் சாஸ், முக்கால் தேக்கரண்டி உப்பு. அமெரிக்கக் கடைகளில் விற்கும் பட்டர்மில்க் நம் மோரைவிடக் கெட்டி. இல்லையென்றால் முக்கால் கப் தயிரில் கால் கப் தண்ணீர் விட்டு அடித்துக்கொள்ளலாம். ஃப்ரிட்ஜில் இரண்டு மணி முதல் நான்கு மணி நேரம் போதும். இதில் நிச்சயமாக வேலை செய்வது உப்பு. அது உள்ளே இறங்கிச் சதையை நீரைப் பிடித்துவைக்கச் செய்யும். மோரின் புளிப்பு சில மில்லிமீட்டருக்கு மேல் இறங்காது. தட்டி மெலிதாக்கிய துண்டில் அது பயன்படும், கனத்த கட்டியில் மேற்பரப்போடு நின்றுவிடும். தயிரோடு எலுமிச்சையும் சேர்த்து இரவு முழுக்க வைத்தால் மேல்பகுதி மாவாகக் குழைந்து, நடுப்பகுதி இறுக்கமாகவே இருக்கும். பச்சைப் பப்பாளியும் அப்படியே. இந்தக் கறிக்கு அதைப் பரிந்துரைக்க மாட்டேன். கறி முரட்டுத்தனமாகத் தெரிந்தால் சமையல் சோடா அரைத் தேக்கரண்டியை இரண்டு மேசைக்கரண்டி நீரில் கரைத்துப் பிசறி 20 நிமிடம் வைத்து, நன்றாகக் கழுவி, பிறகு மோரில் போடுங்கள். சீனச் சமையல்காரர்கள் மாட்டுக்கறிக்குச் செய்வது இதுதான், இதிலும் நன்றாகவே பலிக்கும். கழுவாமல் விட்டால் சோப்பு ருசி வரும்.

மேல்மாவுக்கு முக்கால் கப் மைதா, முக்கால் கப் நைசாக அரைத்த மஞ்சள் மக்காச்சோள மாவு, உப்பு, மிளகுத்தூள், பூண்டுத்தூள், பாப்ரிகா தலா ஒரு தேக்கரண்டி, காயென் மிளகாய்த்தூள் அரைத் தேக்கரண்டி. நம் வீடுகளில் கார்ன்ஃப்ளவர் என்று சொல்லும் வெள்ளை ஸ்டார்ச்சை இந்த அளவுக்குப் போட்டுவிடாதீர்கள், ஓடு கண்ணாடிபோல் இறுகிவிடும். லூசியானாவில் மீன் பொரிக்கும் மாவு என்று பாக்கெட்டில் விற்பதும் அடிப்படையில் இந்த மக்காச்சோள மாவும் மசாலாவும்தான். அதை வாங்கினால் உப்பு ஏற்கெனவே இருக்கும், தனியே போட வேண்டாம். துண்டுகளை மோரிலிருந்து எடுத்து, சொட்டுவது நிற்கும்வரை வடிகட்டியில் வைத்து, மாவில் அழுத்திப் புரட்டி, கம்பித் தட்டில் பத்து நிமிடம் ஆறவிடுங்கள். இந்தப் பத்து நிமிடத்தில் மாவு ஈரத்தை உறிஞ்சி ஒட்டிக்கொள்ளும். உடனே எண்ணெயில் போட்டால் ஓடு கழன்று எண்ணெய் கலங்கும். அரைமணி விட்டுவிட்டால் மாவு களியாகும்.

கனமான, ஆழமான பாத்திரத்தில் பாதிக்கு மேல் போகாமல் எண்ணெய் ஊற்றுங்கள். ஐந்து லிட்டர் பாத்திரத்துக்கு ஒன்றரை லிட்டர் சரி. கடலை எண்ணெய் அங்கே வழக்கம், விருந்தாளிகளில் கடலை ஒவ்வாமை உள்ளவர்கள் இருந்தால் கனோலா. வெப்பமானி இல்லாமல் இதைச் செய்ய வேண்டாம் என்பேன். எண்ணெய் 365 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்கு, அதாவது 185 செல்சியஸுக்கு வந்ததும் எட்டு முதல் பத்துத் துண்டுகள் மட்டும் போடுங்கள். சூடு 340 பக்கம் இறங்கி மெல்ல ஏறும். ஒரு சென்டிமீட்டர் கனத் துண்டுக்கு ஒன்றரை முதல் இரண்டு நிமிடம், தட்டாத இரண்டு சென்டிமீட்டர் கட்டிக்கு இரண்டரை முதல் மூன்று நிமிடம். போட்டதும் பொங்கும் நுரை அடங்கத் தொடங்கும்போது சத்தமும் மாறும். சளசளவென்ற இரைச்சல் குறைந்து மெல்லிய பொரிபொரிப்பாகும், துண்டு மிதந்து வரும். அப்போது ஒன்றை எடுத்துப் பக்கவாட்டில் வெப்பமானி முனையை நடுவரை செலுத்திப் பாருங்கள். 165 ஃபாரன்ஹீட், அதாவது 74 செல்சியஸ் வந்திருந்தால் எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள். பாதியாக நறுக்கினால் உள்ளே வெள்ளையாக, ஈரம் மினுங்க வேண்டும். ஓடு இன்னும் நன்றாகச் சிவக்கட்டும் என்று காத்திருப்பதுதான் கறியைக் கெடுக்கும். நிறம் போதவில்லை என்றால் அடுத்த ஈட்டுக்கு எண்ணெயை 375-க்கு ஏற்றுங்கள், நேரத்தைக் கூட்டாதீர்கள். எடுத்ததைக் காகிதத்தில் குவிக்காமல் கம்பித் தட்டில் பரப்புங்கள், இல்லையென்றால் அடிப்பக்கம் ஆவியில் நமுத்துவிடும்.

சிக்கன் 65 மசாலாவில் செய்யலாமா என்றால், தாராளமாகச் செய்யலாம், சில மாற்றங்களோடு. இஞ்சியில் புரதத்தை உடைக்கும் நொதி உண்டு என்பதால் இஞ்சி பூண்டு விழுது ஒரு தேக்கரண்டி போதும், ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் வேண்டாம். தயிர் இரண்டு மேசைக்கரண்டி. எலுமிச்சையை ஊறவைப்பதிலிருந்து எடுத்துவிட்டுப் பரிமாறும்போது பிழியுங்கள். காஷ்மீரி மிளகாய்த்தூள் ஒரு தேக்கரண்டி, மிளகு அரைத் தேக்கரண்டி, முக்கால் தேக்கரண்டி உப்பு. பொரிக்கும் முன் அரிசி மாவும் வெள்ளைக் கார்ன்ஃப்ளவரும் இரண்டிரண்டு மேசைக்கரண்டி தூவிப் பிசறினால் மெல்லிய பூச்சு கிடைக்கும். பஜ்ஜி மாதிரி கனமாகப் பூசினால் சூடு உள்ளே போகத் தாமதமாகும், நீங்களும் நேரத்தைக் கூட்டுவீர்கள், திரும்பவும் ரப்பர். மிளகாய்த்தூள் சீக்கிரம் கருகும் என்பதால் எண்ணெய் 350-ஐத் தாண்ட வேண்டாம். ஓட்டல் பாணியில் இரண்டு முறை பொரிப்பது இந்தக் கறிக்கு ஆகாது. கறிவேப்பிலையும் பச்சைமிளகாயும் கடைசியில் தனியே பொரித்து மேலே போட்டால் போதும்.

பாதுகாப்பில் உறுதியானவை இவை. ஊர்வனவற்றில் சால்மொனெல்லா சகஜம். 165 டிகிரியில் விட்டுக்கொடுக்காதீர்கள். பச்சைக் கறி பட்ட பலகை, கத்தி, கழுவுதொட்டி எல்லாவற்றையும் சோப்பு போட்டுக் கழுவுங்கள், மிஞ்சிய மோரையும் மாவையும் கொட்டிவிடுங்கள். ஃப்ளோரிடாவின் எவர்கிளேட்ஸ் பகுதிக் காட்டு அலிகேட்டர்களில் பாதரசம் அதிகம் என்பது பலமுறை அளந்து கண்டது. கர்ப்பிணிகளும் குழந்தைகளும் காட்டுக் கறியைத் தவிர்ப்பது நல்லது. சற்று நிச்சயம் குறைந்தது ஒவ்வாமை. மீன் ஒவ்வாமை உள்ளவர்களுக்கு முதலைக் கறியிலும் ஒவ்வாமை வந்ததாக மருத்துவப் பதிவுகள் இருக்கின்றன, இரண்டிலும் இருக்கும் ஒத்த புரதமே காரணம். அலிகேட்டர் அதன் நெருங்கிய உறவு என்பதால், மீன் ஒத்துக்கொள்ளாதவர் மருத்துவரைக் கேட்காமல் வாயில் வைக்க வேண்டாம். அமெரிக்க உணவு விதிகளும் அலிகேட்டரை மீன் வகையிலேயே சேர்க்கின்றன. நியூ ஆர்லியன்ஸ் கத்தோலிக்கப் பேராயர் 2010-ல், இறைச்சியைத் தவிர்த்து மீன் மட்டும் உண்ணும் தவக்கால வெள்ளிக்கிழமைகளில் இதை உண்ணலாம் என்று எழுத்தில் சொன்னதும் அதே கணக்கில்தான். ஊரிலிருந்து படிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: இந்தியாவில் முதலைகள் 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருப்பவை. கறி வைத்திருப்பதே குற்றம். அமெரிக்காவிலிருந்து பெட்டியில் கொண்டுவரவும் நினைக்காதீர்கள். அலிகேட்டர் பொருட்கள் எல்லை தாண்டச் சர்வதேச அனுமதிச்சீட்டு வேண்டும்.

தொட்டுக்கொள்ள லூசியானாவில் ரெமுலாட் என்ற மயோனெய்ஸ் சாஸ். அரைக் கப் மயோனெய்ஸில் கரகரப்பான கிரியோல் கடுகு ஒரு மேசைக்கரண்டி, ஹார்ஸ்ராடிஷ் (காரமான ஒரு வேரின் விழுது), மிளகாய் சாஸ், எலுமிச்சைச் சாறு தலா ஒரு தேக்கரண்டி, பாப்ரிகா அரைத் தேக்கரண்டி, பொடியாக நறுக்கிய வெங்காயத்தாள் ஒரு மேசைக்கரண்டி, நசுக்கிய பூண்டு ஒரு பல். அரைமணி ஃப்ரிட்ஜில் வைத்தால் காரம் கலந்து சேரும்.

பிரித்து வைத்த கருஞ்சிவப்புத் துண்டுகளை லூசியானாக்காரர்கள் சாஸ் பீகான்ட் என்ற காரமான தக்காளிக் குழம்பாக வைப்பார்கள். எண்ணெயும் மைதாவும் சம அளவில் எடுத்து மிதமான தீயில் செம்பழுப்பாகும்வரை கைவிடாமல் கிளறி, வெங்காயம், குடமிளகாய், செலரி, பூண்டு வதக்கி, தக்காளியும் சூப்பு நீரும் காயென் மிளகாயும் சேர்த்து, கறியைப் போட்டு மூடி, கொதித்தும் கொதிக்காமலும் ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம். முக்கால் மணியில் ருசி பார்த்தால் இன்னும் கடினமாகத்தான் இருக்கும்; அப்போது கைவிட்டுவிடாதீர்கள், இணைப்புத்திசு கரைவது அதற்குப் பிறகுதான். முள்கரண்டியால் அழுத்தினால் துண்டு பிளவுபட வேண்டும். சோற்றோடு நன்றாகச் சேரும்.

பொரித்தது மிஞ்சினால் மூன்று நாளுக்குள் 400 ஃபாரன்ஹீட் அவனில் ஐந்தாறு நிமிடம் சூடாக்கிச் சாப்பிடலாம். மைக்ரோவேவில் வைத்தால் இத்தனை பாடுபட்டுத் தவிர்த்த ரப்பர் ஒரே நிமிடத்தில் வந்துவிடும். முதல் ஈட்டை முழுதாகப் போடும் முன் ஒரே ஒரு துண்டைப் பொரித்துக் கடித்துப் பாருங்கள். உப்பு, காரம், நேரம் மூன்றையும் அந்த ஒன்றிலேயே திருத்திக்கொள்ளலாம். அதுவே இழுவையாக இருந்தால் மீதியை எண்ணெயில் போடாமல், மாவைக் கழுவிவிட்டு நேராகக் குழம்புக்குக் கொண்டுபோங்கள்.